பேட்டரி காருக்குப் புது பேட்டரி: கடைக்குப் போகும் முன் செய்ய வேண்டியவை

பாளையங்கோட்டைக்கு வெளியே, முதியோர் தங்கியிருக்கும் ஒரு வளாகத்தில் பராமரிப்பு வேலைகளைப் பார்த்துக்கொள்கிறேன். எங்களிடம் ஆறு பேர் உட்காரும் பேட்டரி கார் ஒன்று இருக்கிறது. கோல்ஃப் மைதானத்துக்காக உருவான வண்டிதான். கோயில் வாசலிலும் ரயில்வே பிளாட்பாரத்திலும் பார்த்துப் பார்த்து நம் ஊரில் 'பேட்டரி கார்' என்றே பெயர் நிலைத்துவிட்டது. நடக்க முடியாத ஆச்சிகளையும் தாத்தாக்களையும் அறையிலிருந்து சாப்பாட்டுக் கூடத்துக்கும் டாக்டர் அறைக்கும் கொண்டுபோவது அதுதான். அது நின்றுவிட்டால் சிலர் அன்றைக்கு அறையை விட்டே வெளியே வர மாட்டார்கள்.

அந்த வண்டிக்கு ஒரே வருடத்துக்குள் இரண்டு முறை பேட்டரி மாற்றினேன். முதல் முறை கடைக்காரர், "48 வோல்ட்தானே அண்ணாச்சி, நாலு 12 வோல்ட்டைப் போட்டா கணக்கு சரியாப் போச்சு" என்றார். நானும் தலையாட்டினேன். இன்வெர்ட்டர் பேட்டரி நான்கு, மொத்தம் 50,000 ரூபாய். இரண்டு மாதம் நன்றாகத்தான் ஓடியது. ஏழாவது மாதம், சாப்பாட்டுக் கூடத்துக்கு ஏறும் மேட்டில், மூன்று ஆச்சிகள் உட்கார்ந்திருக்கும்போது வண்டி நின்றுவிட்டது. வாரன்டி கார்டை எடுத்துப் பார்த்தால், வாகனத்தில் பொருத்தினால் வாரன்டி செல்லாது என்று அதிலேயே அச்சடித்திருக்கிறது.

அந்தப் பணம் உங்களுக்காவது மிஞ்ச வேண்டும் என்றுதான் இதை எழுதுகிறேன். எந்த பேட்டரி என்பதைக் கடையில் நின்றுகொண்டு முடிவு செய்யாதீர்கள். உங்கள் வண்டியின் கணக்கை ஒரு தாளில் எழுதிக்கொண்டு போய், அதற்குப் பொருந்துவதை மட்டும் கேளுங்கள். அந்தத் தாளில் என்னென்ன இருக்க வேண்டும் என்பதுதான் முதல் நான்கு படிகள்.

1. பேட்டரிதான் போய்விட்டதா என்று உறுதி செய்யுங்கள்

வண்டி இழுக்கவில்லை என்றால் உடனே பேட்டரியைக் குறை சொல்கிறோம். சார்ஜர் பாதியில் நின்றாலும், கேபிள் முனையில் பச்சை பூத்துப்போனாலும் இதே மாதிரிதான் இழுக்காது. ஒரு லட்ச ரூபாய்ச் செலவுக்கு முன்னால் ஒரு நாள் ஒதுக்கிப் பார்த்துவிடுங்கள்.

தேவையானவை இரண்டு: ஒரு மல்டிமீட்டர், ஒரு ஹைட்ரோமீட்டர். இரண்டும் சேர்த்து எனக்கு ஆயிரம் ரூபாய்க்குள் முடிந்தது.

இரவு முழுக்க சார்ஜ் போடுங்கள். சார்ஜரைக் கழற்றிய பின் குறைந்தது ஆறு மணி நேரம் வண்டியை எடுக்காமல் விட்டுவிட்டு, ஒவ்வொரு பேட்டரியையும் தனித்தனியாக அளந்து பாருங்கள். சார்ஜரைக் கழற்றியதும் அளந்தால் எல்லாமே நன்றாக இருப்பது போலத்தான் காட்டும், அதை நம்ப வேண்டாம். முழு சார்ஜில் 6 வோல்ட் பேட்டரி சுமார் 6.4, 8 வோல்ட் சுமார் 8.5, 12 வோல்ட் சுமார் 12.7 காட்ட வேண்டும். மற்றவை சரியாக இருந்து ஒன்று மட்டும் 0.3 வோல்ட்டுக்கு மேல் குறைந்தால் அதில்தான் கோளாறு.

அடுத்து ஹைட்ரோமீட்டர். ஒவ்வொரு மூடியாகத் திறந்து ஆசிடின் அடர்த்தியைப் பாருங்கள். முழு சார்ஜில் பெரும்பாலான டீப் சைக்கிள் (தினமும் ஆழமாக இறக்கி ஏற்றுவதற்கான) பேட்டரிகளில் 1.265 முதல் 1.280 வரை இருக்கும். ஒரு மூடிக்குக் கீழே ஓர் அறை (செல்). எல்லா அறையிலும் 1.270 இருக்க, ஒன்றில் மட்டும் 1.200 என்றால் அந்த அறை செத்துவிட்டது.

கடைசியாக, ஆள் ஏற்றி மேட்டில் ஓட்டும்போது ஒவ்வொரு பேட்டரியிலும் வோல்டேஜ் எவ்வளவு இறங்குகிறது என்று பாருங்கள். இதற்கு இரண்டு பேர் வேண்டும். நிற்கும்போது நல்லபிள்ளையாக இருக்கும் பேட்டரி சுமை வந்ததும் தலை சாய்த்துவிடும். எங்கள் வண்டியில் குற்றவாளி அப்படித்தான் பிடிபட்டது.

எல்லா பேட்டரியும் ஒரே அளவு பலவீனமாக இருந்தால் முதலில் சார்ஜரைச் சோதியுங்கள். ஒன்று மட்டும் கெட்டிருந்தால், செட் எவ்வளவு பழையது என்று பாருங்கள். வாங்கி ஒரு வருடத்துக்குள் என்றால் வாரன்டியில் அந்த ஒன்றை மட்டும் மாற்றலாம். மூன்று, நான்கு வருடம் ஆன செட்டில் ஒன்றை மட்டும் மாற்றாதீர்கள். தொடராக இணைத்த பேட்டரிகளில் ஒரே மின்னோட்டம்தான் எல்லாவற்றின் வழியாகவும் போகும். பழையவை சீக்கிரம் காலியாகும், சார்ஜ் ஏறும்போதும் புதியதோடு ஒத்துப்போகாது. புதியதும் சில மாதத்தில் பழையவற்றின் நிலைக்கு வந்துவிடும். மாற்றினால் முழு செட்டையும் மாற்ற வேண்டும்.

2. மூடிகளை எண்ணி வோல்டேஜை எழுதுங்கள்

சுற்றுச்சுவருக்குள் மட்டும் ஓடும் இந்த வண்டிகளுக்கு நம்பர் பிளேட் கிடையாது, ஆர்சி புத்தகமும் கிடையாது. அதனால் கடையில் மாடல் பெயரைச் சொல்லிக் கேட்க முடியாது. நாமே எண்ண வேண்டும்.

சீட்டைத் தூக்கிப் பாருங்கள். ஆசிட் பேட்டரியில் ஒரு மூடிக்கு 2 வோல்ட். மூன்று மூடி என்றால் 6 வோல்ட், நான்கு மூடி 8 வோல்ட், ஆறு மூடி 12 வோல்ட். அதைப் பேட்டரிகளின் எண்ணிக்கையோடு பெருக்குங்கள். ஆறு 6 வோல்ட் என்றால் 36, ஆறு 8 வோல்ட் என்றால் 48. நான்கு 12 வோல்ட்டும் 48தான், எட்டு 6 வோல்ட்டும் 48தான். பதினான்கு பேர் ஏறும் பெரிய வண்டிகளில் 72 வோல்ட்டும் உண்டு. உங்களுக்கு முன்னால் யாராவது பேட்டரியை மாற்றிக் குழப்பியிருக்கலாம். ஆகவே கன்ட்ரோலர் (மோட்டாருக்குப் போகும் மின்சாரத்தைக் கட்டுப்படுத்தும் பெட்டி) மீதும் சார்ஜர் மீதும் ஒட்டியிருக்கும் தகட்டில் உள்ள வோல்டேஜோடு ஒப்பிட்டுக்கொள்ளுங்கள். மூன்றும் ஒத்துப்போக வேண்டும்.

ஒரு எச்சரிக்கை: இந்த வண்டிகளுக்கான 6 வோல்ட் பேட்டரியும் 8 வோல்ட் பேட்டரியும் வெளியே பார்த்தால் ஏறக்குறைய ஒரே அளவில் இருக்கும். மூடிகளை எண்ணாமல் இறக்கினால் 48 வோல்ட் வண்டியில் 36 வோல்ட்தான் வரும்.

3. அளவு நாடாவால் இடத்தை அளங்கள்

நீளம், அகலம், உயரம் மூன்றையும் எழுதுங்கள். உயரத்தை அளக்கும்போது கேபிள் முனையும் அது வளைவதற்கான இடமும் சேர வேண்டும். 8 வோல்ட் வகையின் அடிப்பாகம் சுமார் 26 செ.மீ.க்கு 18 செ.மீ., உயரம் சுமார் 28 செ.மீ. வீட்டில் வைக்கும் இன்வெர்ட்டர் பேட்டரிகளில் உயரமான டியூபுலர் வகை 40 செ.மீ. உயரத்துக்கு வரும், சீட் மூடவே மூடாது. சீட்டுக்கு அடியில் உள்ள சட்டத்தை வெட்டித் தருகிறேன் என்று சொல்பவரிடம் வண்டியைக் கொடுக்காதீர்கள். ஆட்கள் உட்காரும் பாரத்தை அந்தச் சட்டம்தான் தாங்குகிறது.

பேட்டரிகள் ஒன்றோடொன்று நெருக்கியடித்து உட்காரக் கூடாது. சூடு வெளியேற இடைவெளி வேண்டும். நம் ஊர் வெயிலுக்கு இது மிக முக்கியம்.

4. ஒரு நாள் ஓட்டத்தின் கணக்கு

எவ்வளவு ஏஎச் (ஆம்பியர்-அவர், பேட்டரியின் கொள்ளளவு) வேண்டும் என்று கடையில் கேட்டால் 'பெரிதாகவே போடுங்கள்' என்றுதான் சொல்வார்கள். உங்கள் தேவை உங்களுக்குத்தான் தெரியும். நான் செய்த எளிய வழி இது: சார்ஜர் செருகும் பிளக்கில் ஒரு சின்ன யூனிட் மீட்டரை மாட்டினேன். வழக்கமான ஒரு நாள் ஓட்டத்துக்குப் பின் சார்ஜ் ஏற எங்களுக்கு 3.5 யூனிட் ஆனது. ஆசிட் பேட்டரியில் சுவரிலிருந்து எடுப்பதில் ஏறத்தாழ முக்கால் பங்குதான் ஓட்டத்துக்குக் கிடைக்கும், மீதி சூடாகப் போய்விடும். கொஞ்சம் குறைத்தே கணக்கிட்டு, எங்கள் ஒரு நாள் தேவை 2.5 யூனிட் என்று வைத்துக்கொண்டேன்.

ஆறு 8 வோல்ட் பேட்டரி, 170 ஏஎச். அட்டையில் உள்ள அந்த 170 என்பது 20 மணி நேரம் மெதுவாக இறக்கினால் கிடைப்பது. சி20 என்று போட்டிருப்பார்கள். பேட்டரி கார் அப்படி மெதுவாக எடுப்பதில்லை. ஐந்து மணி நேரக் கணக்கில், அதாவது சி5-இல், அதே பேட்டரி சுமார் 145 ஏஎச்தான் தரும். 48-ஐ 145-ஆல் பெருக்கி ஆயிரத்தால் வகுத்தால் ஏறக்குறைய 7 யூனிட். ஆசிட் பேட்டரியை தினமும் பாதிக்கு மேல் இறக்காமல் இருந்தால் ஆயுள் நீளும். பாதி என்றால் 3.5 யூனிட். எங்கள் தேவை 2.5, ஆக இது போதும். பொங்கல், கிறிஸ்துமஸ் என்று சொந்தபந்தம் எல்லாம் வந்து ஓட்டம் இரண்டு மடங்காகும் நாளில் 70 சதவீதத்தைத் தாண்டும். வருடத்தில் சில நாள் அப்படி ஆனால் பாதகமில்லை. 80 சதவீதத்துக்கு மேல் மட்டும் ஒருநாளும் இறக்காதீர்கள்.

இங்கேதான் பலர் ஏமாறுகிறோம். ஒரு கடையில் 150 ஏஎச், இன்னொரு கடையில் 150 ஏஎச், விலையில் 3,000 ரூபாய் வித்தியாசம் என்றால் குறைந்த விலைதான் கண்ணில் படும். ஒன்று சி20 கணக்கு, மற்றது சி5 கணக்காக இருக்கலாம். இரண்டும் ஒன்றல்ல. 'எத்தனை மணி நேரக் கணக்கில் இந்த ஏஎச்?' என்று கேளுங்கள். கோல்ஃப் வண்டிக்கென்றே செய்யும் நிறுவனங்கள் 25 ஆம்பியரில் எத்தனை நிமிடம், 56 அல்லது 75 ஆம்பியரில் எத்தனை நிமிடம் தாங்கும் என்றும் தங்கள் தாளில் கொடுப்பார்கள். ஒப்பிட அதைவிட நல்ல எண் கிடையாது.

5. எந்த வகை வாங்குவது

கார், டிராக்டர் பேட்டரி: வேண்டவே வேண்டாம். இஞ்சினைக் கிளப்பும் சில விநாடிகளுக்கு மட்டும் வேகமாக மின்சாரம் கொடுப்பதற்காக மெல்லிய தகடுகள் வைத்துச் செய்தவை. தினமும் பாதி வரை இறக்கினால் சில மாதத்தில் முடிந்துவிடும்.

இன்வெர்ட்டர் பேட்டரி: நான் செய்த தவறு. ஒரு மூலையில் அசையாமல் இருந்து, கரண்ட் போகும்போது மட்டும் வேலை செய்யப் பிறந்தது அது. நம் வண்டியில் தினமும் குலுங்க வேண்டும், மேட்டில் ஏறும்போது நூற்றுக்கணக்கான ஆம்பியர் கொடுக்க வேண்டும், மறுநாளும் அதையே செய்ய வேண்டும். நல்ல பேட்டரியாகவே இருந்தாலும் இடம் மாறிவிட்டது. வாரன்டியும் கிடைக்காது என்பதைத்தான் ஏற்கனவே சொன்னேன்.

தண்ணீர் ஊற்றும் டீப் சைக்கிள் பேட்டரி: இப்போது எங்கள் வண்டியில் இருப்பது இந்த வகைதான். தடித்த தகடுகள், ஆழமாக இறக்கி ஏற்றுவதற்கென்றே செய்தவை. உலகம் முழுக்க கோல்ஃப் வண்டிகளில் அதிகம் தெரிந்த பெயர் டிரோஜன். அதன் டி-105 என்பது 6 வோல்ட் 225 ஏஎச், டி-875 என்பது 8 வோல்ட் 170 ஏஎச், டி-1275 என்பது 12 வோல்ட் 150 ஏஎச். அந்த நிறுவனத்தையே வாங்க வேண்டும் என்பதில்லை. ஆனால் 'டி-875-க்கு இணையானது' என்று சொன்னால் இந்தத் தொழிலில் இருப்பவருக்குப் புரியும். புரியாமல் விழித்தால் வேறு கடைக்குப் போங்கள். இந்த வகை விலையில் குறைவு, ஆனால் தவறாமல் தண்ணீர் பார்க்க ஒரு ஆள் வேண்டும்.

தண்ணீர் ஊற்றாத ஏஜிஎம், ஜெல் வகைகள்: விலை கணிசமாகக் கூடும். பார்த்துக்கொள்ள ஆள் இல்லாத இடத்துக்கும், அறைக்குள்ளேயே சார்ஜ் போட வேண்டிய இடத்துக்கும் ஏற்றவை. சார்ஜர் பொருந்தாவிட்டால் இவைதான் சீக்கிரம் காயும். காய்ந்த பின் தண்ணீர் ஊற்றிக் காப்பாற்றவும் முடியாது.

லித்தியம்: இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இப்போது எல்லோரும் அதைத்தான் காட்டுகிறார்கள். 48 வோல்ட் வண்டிக்கு வருவது 51.2 வோல்ட், 100 அல்லது 105 ஏஎச் பெட்டி. ஏஎச் குறைவாக இருக்கிறதே என்று பயப்பட வேண்டாம். 105 ஏஎச் என்றால் 5.4 யூனிட், அதில் 80 சதவீதம் வரை தயங்காமல் எடுக்கலாம். ஆசிட் செட்டில் பாதி எடுப்பதைவிட இது அதிகம். எடையும் குறையும். எங்கள் ஆறு பேட்டரி ஏறக்குறைய 175 கிலோ, அந்த வேலையைச் செய்யும் லித்தியம் பெட்டி சுமார் 50 கிலோ. தண்ணீர் வேலை இல்லை, சார்ஜும் சீக்கிரம் ஏறும். ஆயிரக்கணக்கான முறை சார்ஜ் ஏற்றி இறக்கலாம் என்பதால் நாள் முழுக்க ஓடும் வண்டிக்கு லித்தியம்தான் கடைசியில் மலிவு என்பது என் எண்ணம். எங்களைப் போல் ஒரு நாளைக்குச் சில மணி நேரம் ஓடுகிற வண்டிக்கு அவ்வளவு முதலீடு தேவைப்படவில்லை.

லித்தியம் வாங்குவதானால் நான்கு கேள்விகளை எழுத்தில் கேளுங்கள். ஒன்று, உள்ளே இருப்பது லித்தியம் அயர்ன் பாஸ்பேட்தானா? வேறு வகை வேண்டாம், சூட்டைத் தாங்குவதில் இதுதான் பாதுகாப்பானது. இரண்டு, உள்ளே இருக்கும் பிஎம்எஸ் (பேட்டரியைக் கண்காணித்துக் காக்கும் மின்னணு அட்டை) தொடர்ந்து எத்தனை ஆம்பியர் கொடுக்கும், சில விநாடிகளுக்கு எத்தனை? உங்கள் கன்ட்ரோலர் தகட்டில் உள்ள ஆம்பியரோடு ஒப்பிடுங்கள். குறைவாக இருந்தால் மேட்டின் நடுவில் பிஎம்எஸ் தானாக வண்டியை நிறுத்திவிடும். மூன்று, லித்தியத்துக்கான சார்ஜர் விலையோடு சேர்ந்ததா, தனியா? நான்கு, டேஷ்போர்டில் இருக்கும் பழைய சார்ஜ் முள்ளை என்ன செய்வது? அது ஆசிட் பேட்டரியின் வோல்டேஜை வைத்துக் காட்டுவது. லித்தியத்தில் கடைசி வரை நிறைந்திருப்பதாகவே காட்டிவிட்டுத் திடீரென்று விழும். லித்தியம் பெட்டியோடு தனி மீட்டர் வர வேண்டும்.

சந்தையில் விற்கும் 12 வோல்ட் லித்தியம் பெட்டிகள் நான்கை வாங்கித் தொடராக இணைக்கும் யோசனைக்குப் போகாதீர்கள். நான்கு பிஎம்எஸ்ஸில் ஒன்று நின்றாலும் வண்டி நிற்கும்.

6. சார்ஜர் பொருந்துகிறதா

புது பேட்டரியைப் பழைய சார்ஜரே கொன்றுவிடலாம். 48 வோல்ட் ஆசிட் செட்டுக்கு சார்ஜர் 59 வோல்ட் அளவு வரை போகும். ஜெல் வகைக்கு அது அதிகம், 57 வோல்ட்டை ஒட்டித்தான் இருக்க வேண்டும். லித்தியத்துக்கு உச்ச வரம்பு 58.4. எண்கள் பக்கத்தில் இருக்கின்றனவே என்று ஆசிட் சார்ஜரை லித்தியத்தில் மாட்டாதீர்கள். ஆசிட் சார்ஜர் அவ்வப்போது வோல்டேஜை உயர்த்தி அறைகளைச் சமப்படுத்தும், லித்தியத்துக்கு அது ஆகாது.

ஆம்பியரையும் பாருங்கள். ஆசிட் பேட்டரிக்கு ஏஎச் அளவில் 10 முதல் 13 சதவீதம் சரி. 170 ஏஎச்சுக்கு 17 முதல் 22 ஆம்பியர். எங்கள் சார்ஜர் 18 ஆம்பியர், அதனால் மாற்றவில்லை. புது பேட்டரியின் தாளையும் சார்ஜரின் தகட்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்த பிறகு பணம் கொடுங்கள்.

7. கொட்டேஷன், பணம், காகிதம்

குறைந்தது மூன்று இடத்தில் எழுத்தில் விலை கேளுங்கள். வாயால் சொல்லும் விலையில் வரி இருக்காது, லாரி வாடகை இருக்காது, பொருத்தும் கூலி இருக்காது. திருநெல்வேலி ஜங்ஷன், வண்ணார்பேட்டைப் பக்கம் நான் ஏறி இறங்கிய கடைகளில் கோல்ஃப் வகை இருப்பில் இல்லை, வரவழைத்துத்தான் தருவதாகச் சொன்னார்கள். நேரடியாக சென்னையில் ஆர்டர் கொடுக்கவும் செய்யலாம். ஆனால் ஆசிட் நிரப்பிய பேட்டரியை நான் கேட்ட முதல் இரண்டு பார்சல் ஆபீஸிலும் எடுக்க மறுத்துவிட்டார்கள். அனுப்பும் பொறுப்பு விற்பவருடையது என்று கொட்டேஷனிலேயே எழுதச் சொல்லுங்கள். வழியில் உடைந்தால் யார் பொறுப்பு என்பதையும் சேர்த்து.

எங்களுக்கு ஆன கணக்கு இது: 8 வோல்ட் ஒன்று வரியோடு 17,500 வீதம் ஆறுக்கு 1,05,000. லாரி வாடகை 3,500. புது கேபிள் 2,800. பழையவற்றுக்குக் கழித்தது 14,000. கையிலிருந்து போனது 97,300 ரூபாய். அதே சமயத்தில் லித்தியத்துக்கு சார்ஜரோடு வந்த விலை 1,85,000. விலைகள் மாதத்துக்கு மாதம் மாறும், என்னென்ன செலவு வரும் என்ற வரிசையை மட்டும் பிடித்துக்கொள்ளுங்கள்.

வரி: 2025 செப்டம்பர் 22 முதல் ஆசிட் பேட்டரிக்கும் 18 சதவீத ஜிஎஸ்டிதான், அதற்கு முன் 28 ஆக இருந்தது. பழைய வரியைப் போட்டு யாராவது கொட்டேஷன் கொடுத்தால் திருப்பிக் கொடுங்கள். தமிழ்நாட்டுக்குள்ளேயே வந்தாலும் சரக்கின் மதிப்பு ஒரு லட்சத்தைத் தாண்டினால் இ-வே பில் (சரக்கு கொண்டுபோவதற்கான மின்னணுச் சீட்டு) வேண்டும். அதை விற்பவர்தான் போட வேண்டும்.

பில்லில் இருக்க வேண்டியவை: ஒவ்வொரு பேட்டரியின் சீரியல் எண், மாடல், ஏஎச் எத்தனை மணி நேரக் கணக்கு, நிறுவனத்தின் பெயரில் பில். வாரன்டி கார்டில் 'கோல்ஃப் கார்' அல்லது 'மின்வாகனம்' என்ற பயன்பாடு எழுதப்பட்டு கடையின் முத்திரை இருக்க வேண்டும். வாரன்டி இரண்டு பாகமாகவும் இருக்கும். முதல் பாகத்தில் இலவசமாக மாற்றித் தருவார்கள், அடுத்த பாகத்தில் ஒரு பகுதி விலையை நாம் கொடுக்க வேண்டும். இரண்டும் எத்தனை மாதம் என்று தனித்தனியாகக் கேளுங்கள்.

பழைய பேட்டரி: எடை போட்டுத்தான் கழிக்க வேண்டும், 'ஒன்றுக்கு இவ்வளவு' என்று மொத்தமாக அல்ல. கழற்றிய அன்றே எடை போட்டுச் சீட்டு வாங்குங்கள். காயலான் கடையில் கூடுதலாகக் கிடைக்கிறது என்று கொடுத்துவிடாதீர்கள். ஆசிடை ஓடையில் கொட்டிவிட்டு ஈயத்தை உருக்குபவர்கள் உண்டு. அந்தத் தண்ணீர் கடைசியில் நம் தாமிரபரணிக்குத்தான் போகும். 2022-ஆம் ஆண்டின் பேட்டரிக் கழிவு மேலாண்மை விதிகள்படி, பழைய பேட்டரியைக் குப்பையோடு சேர்க்காமல் முறையாகச் சேகரிப்பவரிடம் கொடுப்பது வாங்கியவரின் கடமை. ஒப்படைத்ததற்கு ரசீது வாங்கி பில்லோடு சேர்த்துவையுங்கள்.

8. எப்போது வாங்குவது

பழையது முழுதாகச் சாகும் வரை காத்திருக்காதீர்கள். எங்களுக்கு ஆர்டர் கொடுத்ததிலிருந்து வண்டி ஓடும் வரை 16 நாள் ஆனது. அந்த 16 நாளும் ஆச்சிமார்களைச் சக்கர நாற்காலியில் தள்ளிக்கொண்டு போனோம். குற்றாலம் பக்கம் தங்கும் விடுதி நடத்துபவர்கள் ஜூன் சாரலுக்கு ஒரு மாதம் முன்னாலேயே முடித்துவிடுங்கள். கோயில் சார்ந்த வண்டி என்றால் ஆனித் தேரோட்டத்துக்கு முன்.

பேட்டரி வந்ததும் தயாரித்த தேதியைப் பாருங்கள். சில நிறுவனங்கள் டெர்மினலில் ஓர் எழுத்தும் ஓர் எண்ணும் அடித்திருப்பார்கள். எழுத்து மாதம் (ஆங்கில வரிசையில் ஏ என்றால் ஜனவரி, எல் என்றால் டிசம்பர்), எண் வருடத்தின் கடைசி இலக்கம். ஆறும் ஒரே மாதமாக இருக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு மேல் பழையதாக இருக்கக் கூடாது. சார்ஜ் இல்லாமல் கிடங்கில் கிடந்த ஆசிட் பேட்டரியின் தகடுகளில் உப்புப் படிந்துவிடும், பிறகு முழுத் திறன் வராது. லாரியிலிருந்து இறக்கும்போதே ஒவ்வொன்றின் வோல்டேஜையும் அளந்து பாருங்கள். எங்களுக்கு வந்ததில் ஒன்று 8.1 காட்டியது. அங்கேயே திருப்பிக் கொடுத்து வேறு வாங்கினோம்.

9. பொருத்தும் நாள்

மோதிரம், வளையல், கழுத்துச் சங்கிலி, அரைஞாண் எல்லாவற்றையும் கழற்றிவிடுங்கள். வேட்டி வேண்டாம், ஆசிட் பட்டால் பருத்தித் துணி ஓட்டையாகும். கண்ணாடி போடுங்கள், பக்கத்தில் ஒரு வாளி தண்ணீர் வையுங்கள். பீடி, ஊதுபத்தி எதுவும் அருகில் வரக் கூடாது. சார்ஜ் ஏறும் பேட்டரியிலிருந்து ஹைட்ரஜன் வரும், காற்றில் அது 4 சதவீதம் சேர்ந்தாலே வெடிக்கும். ஸ்பேனரின் கைப்பிடியில் இன்சுலேஷன் டேப் சுற்றுங்கள்.

கழற்றும் முன் இரண்டு பக்கத்திலிருந்தும் போட்டோ எடுத்து, எந்த கேபிள் எதிலிருந்து எதற்குப் போகிறது என்று தாளில் வரையுங்கள். சாவியை எடுத்துவிட்டு, 'டோ' (வண்டியைக் கட்டி இழுக்கும்போது வைப்பது) என்ற சுவிட்ச் இருந்தால் அதில் வைத்துவிட்டு, முதலில் மெயின் நெகட்டிவைக் கழற்றுங்கள். மாட்டும்போது அது கடைசி. நெகட்டிவும் பாசிட்டிவும் மாறினால் கன்ட்ரோலர் போய்விடும், அதன் விலை தனி.

தட்டு காலியானதும் சமையல் சோடாவைத் தண்ணீரில் கரைத்து ஊற்றுங்கள். நுரை நின்ற பிறகு கழுவிக் காயவிட்டு, துருவைத் தேய்த்து பெயின்ட் அடியுங்கள். எங்கள் ஓட்டுநர் தம்பி இதற்கு ஒரு நாள் கேட்டார், கொடுத்தேன். பச்சை பூத்த கேபிளையும் சூடாகும் கேபிளையும் இப்போதே மாற்றிவிடுங்கள். நட்டை அளவுக்கு மீறி இறுக்காதீர்கள், ஈயம் மெத்தென்றது, உருகியது போல் பிதுங்கிவிடும். எல்லாம் மாட்டிய பின் டெர்மினல் மேல் பெட்ரோலியம் ஜெல்லி பூசுங்கள்.

ஹாரனுக்கும் லைட்டுக்கும் 12 வோல்ட் வேண்டும் என்று செட்டில் ஒன்றிரண்டு பேட்டரியிலிருந்து மட்டும் வயர் இழுத்திருந்தால் அதை எடுத்துவிடுங்கள். அந்த பேட்டரிகள் மட்டும் தினமும் கூடுதலாக இறங்கி, முதலில் சாகும். 48-இலிருந்து 12 ஆக்கும் கன்வெர்ட்டர் ஒன்று போட்டு முழு செட்டிலிருந்தும் எடுங்கள்.

10. முதல் மூன்று மாதம்

ஓட்டும் முன் ஒரு முழு சார்ஜ். அதன்பின் ஓடிய ஒவ்வொரு நாளும் இரவில் சார்ஜ், கொஞ்சம்தான் ஓடியது என்றாலும். முதல் 50 முறை சார்ஜ் ஏறி இறங்கும் வரை முழுத் திறன் வராது, அதனால் ஆரம்பத்தில் நீண்ட ஓட்டம் வேண்டாம். தூரம் குறைவாக இருக்கிறதே என்று பதறவும் வேண்டாம்.

தண்ணீரை சார்ஜ் ஏறிய பிறகுதான் ஊற்ற வேண்டும். முன்னால் ஊற்றினால் சார்ஜ் ஏறும்போது பொங்கி ஆசிட் வெளியே வரும். தகடு வெளியே தெரிந்தால் மட்டும், அதை மூடும் அளவுக்கு சார்ஜுக்கு முன் ஊற்றுங்கள். டிஸ்டில்டு வாட்டர் தவிர வேறு எதுவும் கூடாது. தாமிரபரணித் தண்ணீர் குடிக்க எவ்வளவு ருசியாக இருந்தாலும் அதில் உப்புக்கள் உண்டு, ஆர்ஓ தண்ணீரிலும் கொஞ்சம் மிஞ்சும். ஏசியிலிருந்து சொட்டும் தண்ணீரைப் பிடித்து ஊற்றுகிற பழக்கம் நிறைய இடத்தில் இருக்கிறது. அது தூசியையும் உலோகத்தையும் கழுவிக்கொண்டு வருவது, ஊற்றாதீர்கள். மாதம் ஒரு முறை பார்த்தால் போதும், சித்திரை வைகாசியில் இரண்டு வாரத்துக்கு ஒரு முறை.

வண்டியைத் தகரக் கொட்டகையில் நிறுத்தாதீர்கள். பேட்டரியின் வெப்பம் 25 டிகிரிக்கு மேல் ஒவ்வொரு 10 டிகிரி கூடும்போதும் ஆயுள் ஏறக்குறைய பாதியாகும் என்பது இந்தத் தொழிலில் உள்ள கணக்கு. எங்கள் வண்டியை இப்போது வேப்பமரத்தடியில், ஓலை வேய்ந்த நிழலில் நிறுத்துகிறோம். சார்ஜரைச் சுவரில் இடுப்பு உயரத்துக்கு மேல் மாட்டியிருக்கிறோம். 2023 டிசம்பர் வெள்ளத்தைப் பார்த்த யாரும் மின்சாதனத்தைத் தரையில் வைக்க மாட்டார்கள்.

ஒரு நோட்டுப் புத்தகத்தைச் சார்ஜர் பக்கத்தில் கட்டித் தொங்கவிடுங்கள். தேதி, அன்று ஏறிய யூனிட், மாதம் ஒரு முறை ஆறு பேட்டரியின் வோல்டேஜும் அடர்த்தியும், தண்ணீர் ஊற்றிய நாள். வாரன்டி கேட்டுப் போகும்போது பில்லோடு இந்த நோட்டையும் எடுத்துக்கொண்டு போங்கள். எங்கள் நோட்டின் முதல் பக்கத்தில் ஆறு சீரியல் எண்களும், பொருத்திய தேதியும், தாளில் வரைந்த கேபிள் படமும் ஒட்டியிருக்கின்றன.